மதிப்பில்லாத பதினேழு வருஷம்

வியாழக்கிழமை டிரையரை நிறுத்தியவளுக்குத் திங்கட்கிழமை காலையில் கடிதம் வந்து சேர்ந்தது.

சலவைக்கூடத்தில் அவளை எல்லாரும் 'இஸ்திரி மேஸ்திரி' என்றுதான் கூப்பிடுவார்கள். பதினேழு வருஷமாக இஸ்திரிப் பிரிவைக் கட்டி மேய்க்கிறவள். நான்கு ஹோட்டல், இரண்டு ஆஸ்பத்திரி. அத்தனை பேருடைய படுக்கை விரிப்பும் அவள் மேஜையைத் தாண்டித்தான் வெளியே போக வேண்டும். ஒரு மடிப்பு கோணலாக இருந்தால் போகாது.

போன வாரம் நடந்தது இதுதான். துணி உலர்த்துகிற டிரையர் ஓடிக்கொண்டிருந்தபோது அதன் பின்பக்கத்திலிருந்து ஒரு பொறி பறந்து வந்து தரையில் விழுந்தது. விழுந்த இடத்துக்கும், கறை எடுக்கிற திரவம் அடைத்த பன்னிரண்டு டின்களுக்கும் நடுவே ஒரு முழம்கூட இல்லை. அவள் ஓடிப்போய் ஸ்விட்சை அணைத்தாள். டின்கள் அந்த அறையை விட்டுப் போகிற வரைக்கும் டிரையர் ஓடாது என்று கதவை மறித்து நின்றாள்.

அரை நாள் ஓடவில்லை. ஹோட்டல்காரர்கள் போன் மேல் போன் போட்டார்கள். கடைசியில் மேனேஜரே வந்து தன் கையால் ஸ்விட்சைப் போட்டார். டின்கள் வைத்த இடத்தில் வைத்தபடி இருந்தன.

"எதுக்குக்கா பயப்படறீங்க? டின் மேலேயே எழுதியிருக்கே, இன்ஃப்ளேமபிள்னு. இன் போட்டா இல்லைன்னு அர்த்தம். தீப்பிடிக்காது" என்று ஸ்டோர்காரர் சமாதானம் சொன்னார். பக்கத்தில் நின்ற மேனேஜர் ஆமாம் என்று தலையை ஆட்டினார்.

அந்தத் திரவத்தில் ஒரு சொட்டு சூடான இஸ்திரிப் பெட்டியின் மேல் பட்டால் 'புஸ்'ஸென்று நீலமாக எரிவதை அவள் கண்ணால் பார்த்திருக்கிறாள். ஆனால் டின்னில் இருப்பது இங்கிலீஷ். கண்ணால் பார்த்ததை வைத்துக்கொண்டு இங்கிலீஷோடு எப்படிச் சண்டை போடுவது? வாயை மூடிக்கொண்டு வீட்டுக்கு வந்துவிட்டாள்.

இப்போது கடிதம். அதுவும் இங்கிலீஷ்.

"கொண்டா இப்படி" என்று கையை நீட்டினார் மூத்தார்.

அவள் கணவரின் அண்ணன். கோர்ட்டில் முப்பத்தோரு வருஷம் டைப்பிஸ்டாக இருந்து ஓய்வு பெற்றவர். கல்யாணம் பண்ணிக்கொள்ளவில்லை, தம்பி குடும்பத்தோடு இருக்கிறார். தெருவில் யாருக்கு எந்தக் காகிதம் வந்தாலும் இவரிடம்தான் வரும். 'டிக்ஷனரி' என்று பட்டப்பெயர். கூப்பிடுகிறவர்கள் பாதி கேலியாகத்தான் கூப்பிட்டார்கள். அவர் அதை முழுசாகப் பட்டமாகவே எடுத்துக்கொண்டார்.

கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு முதல் வரியைப் படித்தார். முகம் மாறியது.

"என்ன மாமா?"

"உன்னோட பதினேழு வருஷ சர்வீஸ் எங்களுக்கு... இன்வேல்யூபிள்."

"அப்படின்னா?"

"கரெக்ட், இன்கரெக்ட். கம்ப்ளீட், இன்கம்ப்ளீட். வேலிட், இன்வேலிட். இன் போட்டா இல்லைன்னு அர்த்தம்மா. வேல்யூன்னா மதிப்பு. இன்வேல்யூபிள்னா..." அந்த வரியை மறுபடி பார்த்தார். "மதிப்பு இல்லாததுங்கறான். பதினேழு வருஷமும் ஒண்ணுத்துக்கும் உதவாததுன்னு எழுதி, கையெழுத்தும் போட்டு அனுப்பியிருக்கான் படுபாவி!"

மேற்கொண்டு படிக்க அவருக்கு மனசு வரவில்லை. காகிதத்தை நாலாக மடித்து மேஜைமேல் போட்டார்.

அவள் கணவர் வாசலில் குனிந்து ஷூ கட்டிக்கொண்டிருந்தார். அதே சலவைக்கூடத்தில் வேன் ஓட்டுகிறவர். அதிகம் பேசாத மனிதர்.

"இன்னைக்கு நீ போக வேண்டாம்" என்றார், தலையைத் தூக்காமலே.

"ஏன் போகக்கூடாது?"

"கோவத்துல போனா பேச்சு தடிக்கும். ரெண்டு நாள் போகட்டும்."

"ரெண்டு நாள் போனா என் பதினேழு வருஷத்துக்கு மதிப்பு வந்துருமா?"

அவர் எழுந்தார். ஆறு டெலிவரி இருக்கிறது என்று முணுமுணுத்துக்கொண்டு கிளம்பிப் போனார்.

அவள் அடுப்பை அணைத்தாள். கடிதத்தை எடுத்துப் பைக்குள் வைத்தாள். "தனியாவா போற?" என்று மூத்தார் கேட்டதற்கு, "நான் அங்கே வேலைக்குச் சேர்ந்தப்பவும் தனியாத்தான் போனேன்" என்று சொல்லிவிட்டுப் படியிறங்கினாள்.

வழியெல்லாம் மனசுக்குள் பேசிப் பேசிப் பார்த்துக்கொண்டே நடந்தாள். கூடத்துக்குள் நுழைந்தபோது ஒத்திகை பார்த்த ஒரு வார்த்தையும் நினைவில் இல்லை. நீராவியின் வெக்கை முகத்தில் அடித்தது. மற்ற பதினான்கு மேஜைகளிலும் பெட்டிகள் ஓடிக்கொண்டிருந்தன. அவள் மேஜை மட்டும் காலியாக இருந்தது. மேஜைக்கு மேலே தொங்கும் அவள் ஏப்ரனைக்கூட யாரோ எடுத்துவிட்டிருந்தார்கள்.

அதைப் பார்த்ததும்தான் அவளுக்குக் கோபம் உச்சந்தலைக்கு ஏறியது.

மேனேஜரின் அறை கூடத்தின் கோடியில் கண்ணாடித் தடுப்புக்குப் பின்னால் இருந்தது. அவள் கதவைத் தட்டவில்லை.

"சார், கொஞ்சம் வெளியில வாங்க. உள்ளே பேச எனக்கு ஒண்ணும் இல்லை. எல்லாரும் கேக்கட்டும்."

மேனேஜர் எப்போதும் சிரித்த முகம். கோபம் வந்தாலும் சிரித்தபடிதான் வரும். "என்னம்மா, காலங்கார்த்தாலே?" என்று எழுந்து வந்தார்.

அவள் கடிதத்தைப் பிரித்து அவர் முகத்துக்கு நேரே நீட்டினாள்.

"மதிப்பு இல்லாத வேலையா சார் நான் பார்த்தது? ஆஸ்பத்திரியில ஆபரேஷனுக்கு விரிப்பு இல்லைன்னு போன் வந்துச்சே, கரண்ட் வேற இல்லை, அன்னைக்கு கேஸ் பெட்டியை வச்சு நூத்திப் பத்து விரிப்பு தேச்சுக் கொடுத்தது யாரு? நீங்களா? உங்க பொண்ணு கல்யாணத்துக்கு நீங்க போட்ட கோட்டு, அதுல காலர் பொசுங்கிப் போச்சுன்னு கண்ணுல தண்ணி விட்டீங்களே, தெரியாத மாதிரி தைச்சுத் தேச்சுக் கொடுத்தது யாரு? வேலை வேண்டாம்னா வேண்டாம்னு சொல்லுங்க. மதிப்பு இல்லைன்னு சொல்ல நீங்க யாரு சார்?"

பெட்டிகள் ஒவ்வொன்றாக நின்றன. கூடமே கேட்டுக்கொண்டிருந்தது.

மேனேஜர் ஒரு நிமிஷம் விழித்தார். பிறகு கடிதத்தை வாங்கிப் பார்த்தார். அப்புறம் சிரிக்க ஆரம்பித்தார். கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துக்கொள்கிற அளவுக்குச் சிரித்தார்.

"ஐயோ அம்மா! யாரு உங்களுக்கு இதைப் படிச்சுச் சொன்னது? இன்வேல்யூபிள்னா மதிப்பு இல்லாததா? மதிப்புப் போடவே முடியாததும்மா! அவ்வளவு ஒசத்தி! நான் உங்களைப் பாராட்டி எழுதியிருக்கேன், நீங்க என்னை அடிக்க வர்றீங்களே!"

யாரோ ஒருத்தி களுக்கென்று சிரித்தாள். அது பக்கத்து மேஜைக்குத் தாவியது. டிரையர் ஓட்டுகிற அவளுடைய சிநேகிதிகூட வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள்.

"இன் போட்டா எல்லா இடத்துலயும் இல்லைன்னு அர்த்தம் ஆயிடுமா?" மேனேஜர் கூடத்தைப் பார்த்துக் குரலை உயர்த்தினார். "இங்கிலீஷ்ல அப்படியெல்லாம் கண்ணை மூடிக்கிட்டு அர்த்தம் பண்ணக்கூடாது. வார்த்தைக்கு வார்த்தை மாறும். தெரியலைன்னா தெரிஞ்சவங்களைக் கேக்கணும்."

அவளுக்குத் தரை பிளந்து உள்ளே போய்விடலாம் போல இருந்தது. காது மடல்கள் பற்றி எரிந்தன.

"சரி விடுங்க, நான் தப்பா எடுத்துக்கலை" என்று மேனேஜர் பெரிய மனசோடு அவளை அவளுடைய காலி மேஜைப் பக்கம் கூட்டிப் போனார். அறையிலிருந்து கடிதத்தின் நகல் ஒன்றை எடுத்து வந்து வைத்தார். "லெட்டர் கிடைச்சதுன்னு இதுல ஒரு கையெழுத்து. அவ்வளவுதான். நிம்மதியா வீட்டுக்குப் போங்க."

அவள் பேனாவை வாங்கினாள். அந்த இடத்தை விட்டுப் போனால் போதும் என்றிருந்தது. பேனா முனை காகிதத்தைத் தொட்டும்விட்டது.

அப்போதுதான் பார்த்தாள். பாராட்டு மேலே ஒரே வரியில் முடிந்துவிட்டது. அதற்குக் கீழே இன்னும் மூன்று வரிகள் இருந்தன.

"பாராட்டு ஒரு வரிதானே சார்? மீதி மூணு வரியில என்ன இருக்கு?"

"அது... வழக்கமா எழுதுறது."

"வழக்கமா என்ன எழுதுவீங்க?"

"ரெஸ்ட் எடுத்துக்கோங்கன்னு போட்டிருக்கு. பதினேழு வருஷம் நின்னுக்கிட்டே வேலை பார்த்த காலு. கொஞ்சம் உக்காரட்டுமே."

அவள் பேனாவை மூடி மேஜைமேல் வைத்தாள்.

"தெரியலைன்னா தெரிஞ்சவங்களைக் கேக்கணும்னு இப்பத்தான் சொன்னீங்க. உங்களுக்குத் தெரியும். ஒவ்வொரு வார்த்தையா சொல்லுங்க. சொன்னாத்தான் கையெழுத்து."

"எனக்கு நூறு வேலை இருக்கும்மா."

"எனக்கு ஒரு வேலைதான் இருக்கு சார். அதுவும் இருக்கா இல்லையான்னுதான் கேக்கறேன்."

வாசல் பக்கம் சலசலப்புக் கேட்டது. மூத்தார் மேல்மூச்சு கீழ்மூச்சு வாங்க உள்ளே வந்துகொண்டிருந்தார். சட்டைப் பொத்தான் ஒன்று தள்ளி ஒன்று போட்டிருந்தது. கக்கத்தில் செங்கல் கனத்துக்கு ஒரு அகராதி. பக்கத்துத் தெரு லைப்ரரியின் முத்திரை அதில் பெரிதாகத் தெரிந்தது.

"அம்மாடி, சண்டை போடாதே! சண்டை போடாதே!"

"போட்டாச்சு மாமா."

அவர் அப்படியே நின்றுவிட்டார். கூடத்தில் இருந்த முகங்களைப் பார்த்தார். சிரிப்பு இன்னும் சில உதடுகளில் மிச்சம் இருந்தது. நடந்ததைப் புரிந்துகொள்ள அவருக்கு வேறு சாட்சி தேவைப்படவில்லை.

"தப்பு என்னோடதும்மா" என்றார், எல்லாருக்கும் கேட்கும்படி. "இல்லைங்கறது சரிதான். ஆனா மதிப்பு இல்லைன்னு இல்லை. மதிப்புப் போட முடியாது, அளவு கிடையாதுன்னு அர்த்தமாம். நீ கிளம்பின அப்புறம் மனசு கேக்கலை. போய்ப் புரட்டிப் பார்த்தேன். முப்பத்தோரு வருஷம் டைப் அடிச்சேன். ஒரு எழுத்துப் பிசகாது. அர்த்தம் தெரிஞ்சுதான் அடிச்சேன்னு இன்னைக்குக் காலையில வரைக்கும் நினைச்சுக்கிட்டிருந்தேன். உன்னை நாலு பேர் சிரிக்கும்படி வச்சிட்டேன்."

அவர் தலை குனிந்து அவள் பார்த்ததே இல்லை. திட்ட வேண்டும் என்று நினைத்திருந்தாள். அவர் கக்கத்திலிருந்த அகராதியைப் பார்த்தாள்.

"புஸ்தகத்தைத் தூக்கிட்டு இவ்வளவு தூரம் வந்துட்டீங்கல்ல? இப்போ மீதியையும் படிங்க. இந்தத் தடவை மனசுக்குத் தோணினதைச் சொல்ல வேண்டாம். புஸ்தகத்துல இருக்கிறதைச் சொல்லுங்க."

மேனேஜர் கடிதத்தை எடுக்கக் கையை நீட்டினார். அவள் அதற்கு முன்னால் எடுத்துவிட்டாள்.

மூத்தார் அவளுடைய காலி மேஜையிலேயே அகராதியை வைத்து உட்கார்ந்தார். ஒரு வார்த்தை, ஒரு புரட்டல். விரலை எச்சில் தொட்டுத் தொட்டு. யாரும் அசையவில்லை. நீராவிக் குழாய் மட்டும் சீறிக்கொண்டிருந்தது.

"உடனடியாக... நீ லீவில் போகும்படி... அறிவுறுத்தப்படுகிறாய். இன்டெஃபினிட்லி." மறுபடி புரட்டினார். ஒரு தடவைக்கு இரண்டு தடவையாகப் படித்தார். "முடிவு குறிப்பிடாமல். காலவரையறை இல்லாமல்."

"எப்பத் திரும்பி வரணும்?"

"அதுதான் இல்லைங்கறான். இந்த இன்னுக்கு இல்லைன்னுதான் அர்த்தம்மா. தேதி இல்லை. கடைசி வரியில, லீவு நாளுக்குச் சம்பளமும் இல்லை."

இப்போது யாரும் சிரிக்கவில்லை.

"அதாவது" என்றாள் அவள், நிதானமாக, "மதிப்புப் போட முடியாதவளே, வீட்டுக்குப் போ. திரும்பி வராதே. இதுதானே சார் லெட்டர்?"

"நீங்க விபரீதமா எடுத்துக்கறீங்க."

"நான் எடுத்துக்கலை. நீங்க கொடுத்திருக்கீங்க." அவள் உலர்த்தும் அறைக்குப் போனாள். பாதி காலியான ஒரு டின்னைத் தூக்கிக்கொண்டு வந்து அகராதிக்குப் பக்கத்தில் வைத்தாள். "ஒரே ஒரு வார்த்தை பாக்கி. இதையும் பாருங்க மாமா."

மேனேஜரின் சிரிப்பு முதல் முறையாக நின்றது. "அது எதுக்கு இப்போ? அது வேற விஷயம்."

"வேற விஷயம் இல்லை சார். அதே இன்னுதான். எல்லா இடத்துலயும் இல்லைன்னு அர்த்தம் ஆகாதுன்னு பத்து நிமிஷம் முன்னாடி நீங்கதான் பாடம் எடுத்தீங்க. பதினாலு பேரும் கேட்டாங்க."

மூத்தார் டின்னில் இருந்த எழுத்துகளை ஒவ்வொன்றாக விரல் வைத்துக் கூட்டினார். பக்கத்தைக் கண்டுபிடித்தார். மெதுவாகப் படித்தார்.

"இன்ஃப்ளேமபிள். எளிதில் தீப்பற்றக்கூடியது."

அவர் அந்த வரியின் கீழே விரலை வைத்தபடியே நிமிர்ந்தார். "இந்த இன் இல்லைங்கற இன்னே கிடையாதாம். உள்ளேங்கற மாதிரி ஒரு இன். தீ உள்ளே பத்திக்குமாம்."

டிரையர் ஓட்டுகிறவளின் முகம் வெளுத்துவிட்டது. அவள் தினமும் எட்டு மணி நேரம் அந்த டின்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கிறவள்.

"ஸ்டோர்காரரே! தீப்பிடிக்காதுன்னீங்களே!" என்று கூவினாள்.

ஸ்டோர்காரர் தூணோடு ஒட்டி நின்றார். ஐம்பது வயதுக்காரர். வாயைத் திறப்பதா வேண்டாமா என்று அவர் தவித்தது தெரிந்தது. "எனக்கு என்ன தெரியும்?" என்றார் கடைசியில். "எனக்கு அந்த அர்த்தத்தைச் சொன்னதே சார்தான். கேக்கறவங்களுக்கு அப்படியே சொல்லுன்னார்."

டிரையர் ஓட்டுகிறவள் யாரிடமும் அனுமதி கேட்கவில்லை. விடுவிடென்று நடந்து உள்ளே போனாள். டிரையரின் உறுமல் தேய்ந்து, இழுத்து, நின்றது.

"யாரு நிறுத்தச் சொன்னது?" மேனேஜர் கத்தினார்.

"புஸ்தகம் சொல்லுது சார்" என்றாள் சிநேகிதி உள்ளிருந்தபடியே.

மூத்தார் தன் பைக்குள்ளிருந்து ஒரு தாளை எடுத்து மேஜைமேல் விரித்தார். பேனாவைத் திறந்தார். "இந்த லீவை நீ ஏத்துக்கலைன்னு பதில் எழுதிடுவோம். டின் விஷயத்தையும் சேர்த்து. இங்கிலீஷ்லயே போடறேன். இந்தத் தடவை ஒவ்வொரு வார்த்தைக்கும் அர்த்தம் பார்த்துட்டுத்தான் போடுவேன்."

"வேண்டாம் மாமா. தமிழ்லயே எழுதுங்க. புரியலைன்னா சார் யாரையாவது கூப்பிட்டு அர்த்தம் கேட்டுக்கட்டும்."

கூடத்தில் மறுபடி சிரிப்பு எழுந்தது. இந்த முறை அது வேறு பக்கம் திரும்பியிருந்தது.

மேனேஜர் அறைக்குள் போனார். திரும்பி வந்தபோது கையில் ஒரு ஃபைல். அதைப் பிரித்து அவளிடம் காட்டினார். பழைய சிரிப்பு அவர் முகத்துக்குத் திரும்பி வந்திருந்தது.

"எழுதுங்க, எழுதுங்க. தாராளமா எழுதுங்க. ஆனா நீங்க கையெழுத்துப் போட்டாலும் போடாட்டாலும் எனக்கு ஒண்ணுதான். இந்த லீவுக்குச் சம்மதம்னு உங்க வீட்டுல ஏற்கெனவே எழுதிக் கொடுத்தாச்சு. சனிக்கிழமையே."

கீழே இருந்த கையெழுத்தை அவள் பார்த்தாள். கடைசி எழுத்தின் வாலை மேலே சுழித்துவிடுகிற அந்தப் பழக்கம் அவளுக்குத் தெரியும். இருபது வருஷமாகத் தெரியும்.

அவள் கணவரின் கையெழுத்து.

சனிக்கிழமை. அப்படியென்றால் ஞாயிறு முழுக்க அந்த மனிதர் எதிரே உட்கார்ந்து சாப்பிட்டிருக்கிறார். இன்று காலையில் அண்ணன் தப்பாகப் படித்ததையும், அவள் துடித்ததையும் கேட்டுக்கொண்டே குனிந்து ஷூ கட்டியிருக்கிறார்.

மூத்தாரும் எட்டிப் பார்த்தார். தம்பியின் பெயரைப் படித்தார். அகராதியைப் படாரென்று மூடினார்.

"அவ வேலைக்கு இவன் யாரு சம்மதம் சொல்ல? இது செல்லாது! கோர்ட்டுல இந்த மாதிரிக் காகிதத்தை ஆயிரம் பார்த்திருக்கேன். செல்லாது!"

"அதையும் கோர்ட்டுலயே பார்த்துக்கலாம் சார்" என்றார் மேனேஜர்.

முற்றத்தில் வேன் பின்னால் வரும் சத்தம் கேட்டது. முதல் டெலிவரி முடிந்து திரும்பியிருந்தது.

அவள் முற்றத்துக்குப் போனாள். கூடத்தில் இருந்தவர்கள் அவள் பின்னாலேயே போனார்கள். அவள் கணவர் இறங்கி நின்றார். மனைவியைப் பார்த்தார். அவள் பின்னால் நின்ற அண்ணனைப் பார்த்தார். மேனேஜர் கையில் இருந்த ஃபைலைப் பார்த்ததும் அவர் முகத்தில் ரத்தம் வற்றிப்போனது.

"கையெழுத்துப் போட்டீங்களா?"

"போடலைன்னா வேன் சாவியை வாங்கிடுவேன்னார். ரெண்டு பேருக்கும் வேலை போயிடுச்சுன்னா..." கையில் இருந்த சாவியைப் பார்த்தார். "உன் நல்லதுக்குத்தான்..."

"என் நல்லதை என்கிட்ட ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்" என்றாள் அவள். குரல் உயரவில்லை. "அதைப் பத்தி வீட்டுல பேசுவோம். இப்போ இங்கே ஒரு வேலை இருக்கு. உள்ளே பன்னிரண்டு டின் இருக்கு. அத்தனையும் தீப்பிடிக்கிற சரக்கு. இந்த நிமிஷமே அதை வேன்ல ஏத்தி, ஊருக்கு வெளியில இருக்கிற நம்ம கம்பெனிக் குடோன்ல இறக்கணும். ஏத்தறீங்களா?"

"ஒரு டின் ஏறினாலும்" என்றார் மேனேஜர், "சாவியை என் கையில கொடுத்துட்டு நீயும் வீட்டுக்குப் போகலாம்."

அவள் கணவர் சாவியைக் கையில் பிடித்தபடி நின்றார். அதைக் கொடுப்பதா, வேனின் பின்கதவைத் திறப்பதா என்று அவர் விரல்களுக்கே தெரியவில்லை. மூத்தார் வாயைத் திறந்தார். தம்பிக்குச் சொல்ல அவரிடம் ஆயிரம் இருந்தது. அவள் கையைக் காட்டி அவரைத் தடுத்தாள்.

"அவரே முடிவு பண்ணட்டும் மாமா."

அதைச் சொல்லிவிட்டு அவள் அந்த முடிவுக்காகக் காத்திருக்கவில்லை. முந்தானையை இடுப்பில் செருகிக்கொண்டு திரும்பி நடந்தாள். உலர்த்தும் அறையில் டிரையர் ஓட்டுகிறவள் ஏற்கெனவே ஒரு டின்னின் ஒரு பக்கத்தைப் பிடித்திருந்தாள். இவள் மறுபக்கத்தைப் பிடித்தாள்.

"பாத்து, மெதுவா."

இரண்டு பேருமாகத் தூக்கினார்கள்.